அணியிடமும் பொருள்மாற்றமும்: திருமுருகாற்றுப்படைப் பேய்மகளை வேடமாக அமைத்தல்

ஆய்வுச் சுருக்கம்

உலகில் காணப்படாத ஓர் உயிரை மனித உடலின்மேல் வேடமாக அமைப்பதற்குத் தமிழ் இலக்கியம் தரும் குறிப்புகளை இக்கட்டுரை ஆராய்கிறது. திருமுருகாற்றுப்படையில் வரும் பேய்மகள் வருணனை முதன்மைச் சான்றாகவும், சிலப்பதிகார வேட்டுவ வரியில் குமரியைக் கொற்றவையாக ஒப்பனை செய்யும் பகுதி துணைச் சான்றாகவும் கொள்ளப்படுகின்றன. இவ்விரு பகுதிகளிலும் அணி இருக்கும் இடம் மாறுவதில்லை. அங்கு அமையும் பொருளே மாறுகிறது. காரைக்கால் அம்மையார் பாடலிலும் கலிங்கத்துப்பரணியிலும் உடலுறுப்பே திரிக்கப்படுகிறது. இவ்வேறுபாட்டின் வழியே ஒப்பனையாளர் தேர்ந்துகொள்ள வேண்டிய பொருளும் முறையும் விளக்கப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: பேய்மகள், ஒப்பனை, வேடம், அணித்திரிபு, உறுப்புத்திரிபு, துணங்கை, வேட்டுவ வரி.

முன்னுரை

பேய், அரக்கர், பூதம் முதலிய உருவங்களைப் பற்றிய ஆய்வுகள் தமிழில் பல உள்ளன. அவற்றுள் பெரும்பாலானவை அவ்வுருவங்களின் தொன்மப் பொருளையோ சமயப் பின்புலத்தையோ ஆராய்வன. அவ்வுருவத்தை ஒரு நடிகரின் உடலில் கட்டி எழுப்ப வேண்டுமாயின் பாடலிலிருந்து எதை எடுத்துக்கொள்வது என்ற வினா அவற்றில் எழுவது அரிது. கல்லூரி நாடகங்களிலும் இலக்கிய விழாக்களிலும் சங்கப் பாடல்கள் காட்சியாக்கப்படும்போது பேய்மகள் பெரும்பாலும் கரிய முகம், இரண்டு கோரைப்பற்கள், வெளியே தொங்கும் செந்நா ஆகியவற்றோடு தோன்றுகிறாள். இவற்றுள் ஒன்றுகூடத் திருமுருகாற்றுப்படையில் இல்லை.

ஒப்பனையை நோக்கமாகக் கொண்டு பாடலைப் படிப்பது உரைமரபுக்குப் புறம்பான செயலன்று. சொல்லுக்குப் பொருள் காண்பவர் இரண்டு பொருளையும் சுட்டி அமையலாம். வேடம் கட்டுபவரோ காதில் தொங்குவது ஒன்றா இரண்டா, எவ்வளவு நீளம், எதில் கட்டுவது என்று முடிவு செய்தே ஆகவேண்டும். அம்முடிவை நாடும் வாசிப்பு, உரை தொடாது விட்ட இடங்களைக் காட்டித் தருகிறது.

மெய்ப்பாட்டியல் தரும் அடிப்படை

தொல்காப்பியம் அச்சம் தோன்றும் களங்களாக அணங்கு, விலங்கு, கள்வர், இறை என்னும் நான்கினைக் கூறுகிறது. மருட்கைக்குப் புதுமை, பெருமை, சிறுமை, ஆக்கம் என்னும் நான்கினை வகுக்கிறது. இவற்றுள் ஆக்கம் என்பதற்கு ஒன்று திரிந்து வேறொன்றாதல் என்ற கருத்தில் உரையாசிரியர்கள் பொருள் கொள்வர். வேட ஒப்பனைக்கு இதனினும் பொருத்தமான கலைச்சொல் தேவையில்லை. இல்லாத உயிரின் வேடம் அணங்காலும் விலங்காலும் அச்சத்தையும், திரிபால் மருட்கையையும் எழுப்ப வேண்டியது.

இவ்விடத்தில் நகையையும் நினைவிற் கொள்ளுதல் வேண்டும். எள்ளல் நகைக்கு ஒரு களன். அளவு மீறிய அச்சவேடம் பார்வையாளரிடம் எள்ளலையே எழுப்பும் என்பது மேடையில் நின்றவர் அனைவரும் அறிந்ததே. செயங்கொண்டார் தம் பரணியில் கூழ் அடும் பேய்களைக் கொண்டு இந்நகையை வேண்டியே விளைவிக்கிறார். நக்கீரருக்கு அந்நோக்கம் இல்லை. எனவே, ஒரே ‘பேய்’ என்ற சொல்லைக் கொண்டு இரு நூல்களின் பேய்க்கும் ஒரே முகத்தை எழுதுவது பொருந்தாது.

சூரரமகளிரும் பேய்மகளும்

திருமுருகாற்றுப்படையில் பேய்மகள் 47ஆம் அடி முதல் 56ஆம் அடி வரை வருகிறாள். முருகன் சூரனைத் தடிந்த களத்தில், பிணத்தின் கரிய தலையைக் கையில் ஏந்தித் துணங்கை ஆடுகிறாள். பாடல் தரும் செய்திகளை உரைநடையில் வரிசைப்படுத்தினால், காய்ந்து வறண்ட கூந்தல், ஒழுங்கற்றுப் பிறழ்ந்த பற்கள், அகன்ற வாய், சுழலும் விழி, பசிய கண், அஞ்சத்தக்க பார்வை, கூகையும் பாம்பும் தொங்கி மார்பை அலைக்கும் காது, சொரசொரத்த வயிறு, அச்சம் தரும் நடை, குருதி தோய்ந்த கூரிய நகங்களையுடைய வளைந்த விரல், ஒளிரும் தொடி அணிந்த பெரிய கை, நிணம் தின்னும் வாய் என்று அமையும். உச்சியில் தொடங்கிக் கை வரையில் உறுப்பு முறையே இறங்கும் இவ்வருணனை ஏறத்தாழ ஓர் ஒப்பனைக் குறிப்பேடாகவே உள்ளது.

ஆயினும் இதனைத் தனியே படித்தால் இதன் அமைப்பு விளங்காது. இதற்குச் சில அடிகள் முன்னர்ச் சோலையில் ஆடும் சூரரமகளிரின் கோலம் விரிவாகப் பேசப்படுகிறது. இரு வருணனைகளையும் அருகருகே வைத்து நோக்குதல் வேண்டும்.

சூரரமகளிரின் கூந்தல் ஈரமுடையது. துணையாக நின்ற மகளிர் ஆராய்ந்து முடித்தது. பேய்மகளின் கூந்தல் வறண்டது; அதனை முடிப்பார் எவரும் இல்லை. சூரரமகளிரின் தலைக்கோலத்தில் வாய் பிளந்த மகர வடிவம் ஓர் அணியாக இருக்கிறது. பேய்மகளிடத்தில் அகன்ற வாய் அவளுடையதாகவே ஆகிவிடுகிறது. இவை தற்செயல் என்று ஒருவர் கருதக்கூடும். ஆனால் காது பற்றிய செய்தியை அவ்வாறு ஒதுக்க இயலாது. சூரரமகளிரின் காதில் நிறைந்த அசோகந்தளிர், நுண்ணிய அணிகள் கிடக்கும் அவர்தம் மார்பில் தவழ்ந்து அசைகிறது. பேய்மகளின் காதில் தொங்கும் கூகையும் பாம்பும் அவளது மார்பை மோதி அலைக்கின்றன. இடம் ஒன்று, தொங்கும் திசை ஒன்று, சென்று தொடும் உறுப்பும் ஒன்று. தளிர் இருந்த இடத்தில் பறவையும் பாம்பும் வந்துள்ளன. தவழ்தல் மோதுதலாகியுள்ளது.

இதனையே இக்கட்டுரை அணித்திரிபு என்று குறிக்கிறது. நக்கீரர் பேய்மகளை உருவாக்க மனிதவுடலைக் கலைத்து வேறோர் உடலைப் படைக்கவில்லை. அணி புனைந்த பெண்ணின் உடலை அப்படியே நிறுத்தி, அணியிடங்களில் பொருளை மாற்றுகிறார். பல், வாய், வயிறு ஆகியவற்றில் ஓரளவு உறுப்பின் தன்மையும் மாறுகிறது என்பது உண்மை. எனினும் அவ்வுறுப்புகள் மனித எல்லையைத் தாண்டுவதில்லை. பிறழ்ந்த பல்லும் பெரிய வாயும் மனிதர்க்கும் உண்டு.

வேட்டுவ வரியின் செய்முறை

சிலப்பதிகாரத்தின் வேட்டுவ வரி இம்முறையை இன்னும் வெளிப்படையாகக் காட்டுகிறது. அங்கு வருணிக்கப்படுவது வேடம் மட்டுமன்று, வேடம் புனையும் செயலும் ஆகும். எயினர்தம் பழங்குடிக் குமரி ஒருத்தியை நிறுத்தி, அவளது குறுகிய நெளிந்த கூந்தலைச் சிறிய வெண்பாம்பின் குட்டியாகிய நாணால் சுற்றி நெடுமுடியாகக் கட்டுகின்றனர். தோட்டத்தை அழித்த பன்றியின் வளைந்த கொம்பைப் பறித்துப் பிறையாகச் சாத்துகின்றனர். புலியின் வாயைப் பிளந்து பெற்ற பற்களைத் தாலியாகக் கோத்துப் பூட்டுகின்றனர். வரியும் புள்ளியும் கலந்த தோலை மேகலையாக உடுத்துகின்றனர். கையில் வில் கொடுத்து, முறுக்கிய கொம்புடைய கலைமேல் ஏற்றுகின்றனர்.

நாண், பிறை, தாலி, மேகலை ஆகிய நான்கும் பெண் அணிகளின் பெயர்கள். இளங்கோவடிகள் அப்பெயர்களை நீக்கவில்லை. பல் தாலியாகிறது, தோல் மேகலையாகிறது. அணியின் பெயர் நிலைக்க, அதன் பொருள் காட்டிலிருந்து வருகிறது. குமரியின் முகத்தில் எதையும் எழுதியதாகக் குறிப்பு இல்லை என்பது கவனிக்கத்தக்கது. முகம் அவளுடையதாகவே இருக்க, அவள் கொற்றவையாகிறாள்.

இங்கு ஒரு நடைமுறைச் செய்தியைச் சொல்லியாக வேண்டும். 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்ப் புலியின் பல், நகம், தோல் ஆகியவற்றை வைத்திருப்பது தண்டனைக்குரிய குற்றம். பழைய வீடுகளில் இருந்து ‘உண்மையான’ புலிப்பல்லை நாடகத்திற்கென வாங்கி வருவோர் இதனை அறிந்திருத்தல் வேண்டும். காகிதக்கூழிலும் மரத்திலும் செய்த பல் மேடைக்குப் போதும். தொலைவில் அமர்ந்திருப்பவருக்கு எண்ணிக்கையும் வளைவுமே தெரியும்.

உறுப்புத் திரிபு: மற்றொரு மரபு

காரைக்கால் அம்மையாரின் திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகம் தொடங்கும் இடத்தில் வரும் பெண்பேய் முற்றிலும் வேறு வகையினள். வற்றிய கொங்கை, புடைத்தெழுந்த நரம்பு, குழிந்த கண், வெளுத்த பல், குழி விழுந்த வயிறு, சிவந்த மயிர், நீண்ட இரு பற்கள், உயர்ந்த பரடு, நீண்ட கணைக்கால் என்று அவள் உடலே பேசப்படுகிறது. அணி என்று சொல்லத்தக்கது ஒன்றுமில்லை. நியூயார்க் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்தில் உள்ள, கையில் தாளம் ஏந்தி அமர்ந்த அம்மையாரின் சோழர்காலச் செப்புப் படிமமும் இம்மெலிவையே வடிக்கிறது. கலிங்கத்துப்பரணிப் பேய்களின் கைகால்கள் கரிய நெடும் பனங்காட்டோடு ஒப்பிடப்படுவதும் உறுப்பின் அளவைத் திரிப்பதேயாகும்.

ஒப்பனையாளருக்கு இவ்விரு மரபுகளும் இருவேறு தொழில்முறைகளை வேண்டுவன. உறுப்புத் திரிபுக்கு இன்றைய திரைப்பட ஒப்பனையின் செயற்கைத் தோல் முறை பொருந்தும். அம்முறையில் நடிகரின் முகத்தை அச்செடுத்துச் சாந்தில் முகப்படிவம் வார்ப்பர். அதன்மேல் களிமண்ணால் புதிய எலும்பமைப்பை வனைவர். அதற்கு எதிரச்சு எடுத்து, இடைப்பட்ட வெளியில் நுரை ரப்பரையோ சிலிக்கானையோ நிரப்பித் துண்டுகளாகப் பெறுவர். அத்துண்டின் விளிம்பு தாள்போல் மெலிந்திருக்க வேண்டும். தோலோடு அது சேரும் கோடு தெரியாமல் மறைப்பதே அக்கலையின் உயிர்நிலை. ‘தசாவதாரம்’ (2008) திரைப்படத்தில் அமெரிக்க ஒப்பனைக் கலைஞர் மைக்கேல் வெஸ்ட்மோர் கமல்ஹாசனுக்கு அமைத்த முகங்கள் இம்முறையைச் சார்ந்தவை. குழிந்த கன்னமும் புடைத்த நரம்பும் உடைய ஆலங்காட்டுப் பேய்க்கு இது ஏற்ற வழி.

நக்கீரரின் பேய்மகளுக்கு இது வேண்டுவதில்லை. இன்னும் கூறின், இது அவளை அழித்துவிடும். சேரும் கோடு மறைந்தால், அணி இருந்த இடத்தில் பாம்பு இருக்கிறது என்ற உணர்வும் மறைந்துபோகும்.

வழக்கில் உள்ள வேடங்கள்

கோடு தெரியும்படி வேடம் அமைக்கும் முறை இன்றும் வழக்கில் உள்ளது. வடமாவட்டக் கூத்தில் கட்டை வேடம் எனப்படும் பெருவேடங்களுக்கு மரத்தாலான கிரீடம், புஜக்கட்டை, மார்புப் பதக்கம் ஆகியவற்றைக் கட்டுவர். முகத்தில் அடிவண்ணத்தின்மேல் புள்ளிகளும் கோடுகளும் இடுவர். துரியோதனன் முகம் சிவக்கிறது. எனினும் அது தோலின் நிறமன்று, எழுதப்பட்ட நிறம் என்பதை எவரும் மறைப்பதில்லை. தூத்துக்குடி மாவட்டம் குலசேகரப்பட்டினம் முத்தாரம்மன் கோயில் தசராவில் விரதமிருந்து காளி வேடம் புனையும் அன்பர்களின் சடைமுடியும், கூடுதல் கைகளும், வாயில் பொருத்திய பற்களும் அவ்வாறே வெளிப்படையாகக் கட்டப்பட்டவை. மெலட்டூர் பாகவத மேளாவில் நரசிம்மர் முகமூடி கோயிலில் வழிபடப்படும் பொருள். அதனை அணிபவர் நோன்பிருந்தே அணிகிறார். அணிந்தபின் ஆவேசமுறும் அவரைப் பிறர் பற்றி நிறுத்துவதும் உண்டு. முகமூடி மரபில் வந்த ஒரு பொருள் என்பதை அறிந்தே பார்வையாளர் அஞ்சுகின்றனர். ஒப்பனை பொய் என்று தெரிவது அச்சத்தைக் குறைப்பதில்லை என்பதற்கு இதனினும் சிறந்த சான்று கட்டுரையாளருக்குத் தோன்றவில்லை.

பேய்மகள் வேடம்: உறுப்பு முறை

மேற்கூறிய கொள்கையின்படி இவ்வேடத்தை அமைக்கும் முறை இனி ஆராயப்படுகிறது. பாடலின் வரிசை கூந்தலில் தொடங்குகிறது. ஒப்பனையின் வரிசை உடலில் தொடங்கிக் கூந்தலில் முடிதல் வேண்டும். டோப்பாவை முதலில் வைத்துவிட்டால் நெற்றியோரத்தில் வண்ணம் பூச இயலாது.

மேனி. பேய்மகளின் மேனி நிறத்தைப் பாடல் கூறவில்லை. கருமை அவள் கையில் உள்ள தலைக்கே சொல்லப்படுகிறது. ஆயினும் மேடைகளில் அவளுக்குக் கரி பூசுவது வழக்கமாகிவிட்டது. பாடலில் சான்றில்லாத இவ்வழக்கம் கருநிறத்தை அச்சத்தோடும் இழிவோடும் பிணைக்கும் பிற்கால மனப்போக்கிலிருந்து வந்தது என்றே கருத வேண்டியுள்ளது. மாணவர் குழுக்களில் கருநிறமுடைய மாணவியைத் தேர்ந்தெடுத்து ‘உனக்கு ஒப்பனையே வேண்டாம்’ என்று நகையாடும் நிலைக்கு இது இட்டுச்செல்கிறது. இலக்கியத்தின் பெயரால் நடைபெறும் இதற்கு இலக்கியத்தில் இடமில்லை. நடிகையின் இயல்பான நிறத்தை அடியாகக் கொண்டு, அதன்மேல் சாம்பலும் மண்ணும் படிந்த தோற்றத்தை மட்டும் தந்தால் போதும். போர்க்களத்தில் ஆடுபவளுக்குப் புழுதியே பொருந்தும்.

வண்ணப் பொருள்கள் பற்றி ஓர் எச்சரிக்கை. ‘அரிதாரம் பூசுதல்’ என்பது நடித்தலுக்கு மறுபெயராகவே தமிழில் நிலைத்துவிட்டது. ஆனால் அரிதாரம் என்னும் மஞ்சள் கனிமம் ஆர்சனிக்கும் கந்தகமும் சேர்ந்த நஞ்சு. சிவப்புக்குப் பயன்பட்ட சாதிலிங்கம் பாதரசமும் கந்தகமும் சேர்ந்தது. மரபைக் காக்க விழைவோர் நாட்டு மருந்துக் கடையில் இவற்றை வாங்கிக் குழைத்துத் தோலில் பூசுதல் கூடாது. திருச்சூர்ப் புலிக்களியில் உடல் மயிரை மழித்து எனாமல் வண்ணம் தீட்டி, பின்னர் மண்ணெண்ணெய் கொண்டு துடைத்தெடுக்கும் வழக்கம் இருந்துவருகிறது; அவ்வேதனையை ஆட்டக்காரர்கள் ஓராண்டுக்கு ஒருமுறை பொறுத்துக்கொள்கின்றனர். நாடகத்திற்கு அது தேவையில்லை. நீரில் கரையும் உடல்வண்ணமும் துத்தநாக வெள்ளையும் போதும்.

வயிறு. ‘பிணர்’ என்னும் சொல் சொரசொரப்பைக் குறிப்பது. பேய்மகளின் உடலில் பாடல் நேராகச் சுட்டும் தோல்தன்மை இது ஒன்றே. அதுவும் வயிற்றுக்கே சொல்லப்படுகிறது. வயிற்றை ஒப்பனைக்குரிய முதன்மை இடமாகக் கொள்வது நமக்குப் புதிதாகத் தோன்றலாம். புலிக்களியில் ஆட்டக்காரரின் தொப்பை மேலேயே புலியின் முகம் எழுதப்படுவதைக் கண்டவருக்கு அது புதிதன்று. வயிறு குலுங்கும்போது புலி வாயசைக்கிறது. பேய்மகள் ஆடுபவள் ஆதலின் இதே பயனை இங்கும் பெறலாம்.

சொரசொரப்பை எழுப்பப் பல வழிகள் உண்டு. கதகளியின் சுட்டியும், யட்சகானத்தில் அரக்க வேடத்தின் முகத்தில் எழுப்பும் புள்ளிகளும் அரிசிமாவும் சுண்ணாம்பும் குழைத்து இடப்படுவன. அசையாத கன்னவோரத்திற்கு அவை ஏற்றவை. வளையும் வயிற்றில் அவை வெடித்து உதிரும். எனவே மெல்லிய பருத்தி உள்ளாடையின்மேல் நீர்ம ரப்பர்ப்பாலைத் தடவி, அது காயுமுன் உமியையோ கிழித்த மென்தாளையோ ஒட்டி, மீண்டும் ஒரு பூச்சு தருவது நல்லது. தோலின்மேல் நேரே பூசினால் உரிக்கும்போது மயிரும் உடன்வரும். ரப்பர்ப்பால் சிலருக்கு ஒவ்வாமை தரும். முதல்நாளே முன்கையின் உட்புறத்தில் சிறிது தடவிப் பார்த்துக்கொள்ளுதல் வேண்டும்.

வாயும் பல்லும். பாடல் கூறுவது பிறழ்ந்த பல். அது கோரைப்பல் அன்று. நீண்ட இரு பல் ஆலங்காட்டுப் பேய்க்கு உரியது. கடைகளில் கிடைக்கும் இரட்டைப் பல்லைப் பேய்மகளுக்குப் பொருத்துவது இரு பாடல்களையும் குழப்புவதாகும். பிறழ்வைக் காட்ட எளிய வழி, நடிகையின் பற்களில் இரண்டொன்றைப் பல்லுக்கெனச் செய்த கரிய பூச்சால் மறைப்பது. மறைந்தவற்றின் இடைவெளியில் எஞ்சியவை கோணலாகத் தோன்றும். செயற்கைப் பல் வேண்டுமெனில் பல் அச்சின்மேல் தனியே செய்து பின்னரே வாயில் இடவேண்டும். இறுகும்போது சூடேறும் பொருளை வாய்க்குள் வைத்து வடிவமைத்தல் தீங்கு தரும். பேசும் பாத்திரமாயின் இப்பல் ழகர ளகரங்களைக் கெடுக்கும். நல்வாய்ப்பாகப் பேய்மகள் பேசுவதில்லை; தின்கிறாள், ஆடுகிறாள். வாயின் அகலத்தை உதட்டோரக் கோட்டைக் கன்னத்திற்கு நீட்டிக் காட்டலாம். அக்கோடு மூடிய வாயிலும் தெரியுமாறு சற்றுக் கீழ்நோக்கி இறங்குதல் நன்று. மேல்நோக்கினால் கோமாளியின் புன்னகை வந்துவிடும்.

கண். பசுமை என்னும் சொல் பச்சை, மஞ்சள், ஈரமான புதுமை ஆகிய பல பொருள்களைத் தாங்குவது. நிறம் எதுவாயினும், அதே இடத்தில் விழி சுழல்கிறது என்றும் பாடல் கூறுகிறது. ஒப்பனையாளர் நிறத்தைவிடச் சுழற்சிக்கே முதலிடம் தருதல் வேண்டும் என்பது இக்கட்டுரையின் துணிபு. கண் முழுவதையும் மூடும் வண்ணவில்லைகள் வெண்விழியை மறைத்துவிடுவதால் சுழற்சி தொலைவில் தெரியாது. அவை பக்கப்பார்வையைச் சுருக்குவதால் ஆடுபவருக்கு இடர் தருவன. கண் மருத்துவர் பார்க்காமல் அவற்றை அணிவதும் தவறு. இமையின்மேலும் கீழும் மஞ்சள் கலந்த பச்சையைப் பரப்பி, அதன் வெளிவட்டத்தில் மை இட்டால், நடுவே வெண்விழி பளிச்சிட்டுச் சுழல்வது பின்வரிசைக்கும் தெரியும்.

காது. இவ்வேடத்தின் மையம் இதுவே. பாடலில் கூகை என்றும் பாம்பு என்றும் உள்ளன. அஃறிணைப் பெயர்கள் ஆதலின் ஒன்றா பலவா என்பது சொல்லால் விளங்காது. காது என்பதும் அவ்வாறே. ஒரு காதில் கூகை, மறு காதில் பாம்பு எனக் கொள்ளலாம். அச்சமைதி பிறழ்ந்த பல்லோடு ஒத்துப்போகும். பார்வைக்கும் புதுமை தரும். ஆயினும் அசோகந்தளிரோடு உள்ள ஒப்புமையை நோக்கின் இரு காதும் ஒத்திருத்தலே பொருத்தம். தமிழ்க் காதணி தோடும் தொங்கலுமாக அமைவது. தோட்டின் இடத்தில் கண் பிதுங்கிய கூகையும், தொங்கலின் இடத்தில் பாம்பும் அமைந்தால் சொற்கள் இரண்டும் ஓர் அணியாகின்றன. பேய்மகளின் சுழலும் கண்ணுக்கு இருபுறமும் கூகையின் அசையாத வட்டக்கண்கள் நிற்கும். அசைவும் அசைவின்மையும் ஒரே முகத்தில் சேரும் இத்தோற்றம் வேறு எந்தக் கோரைப்பல்லாலும் பெற இயலாதது.

இனி, மோதி அலைத்தல். பாம்பு மார்பைச் சென்று மோதவேண்டுமாயின் அதன் நீளம் காதிலிருந்து மார்பின் நடுப்பகுதி வரை இருத்தல் வேண்டும். அதன் நுனி கனத்திருத்தலும் வேண்டும். துணித்தையலால் குழல்போல் செய்து பஞ்சு அடைத்து, தலைப்பகுதியில் மட்டும் சிறிது மணலைத் துணியில் முடிந்து வைத்தால் அது ஊசல்போல் ஆடும். கம்பியிட்டு விறைப்பாகச் செய்த பாம்பு படம் எடுத்தாற்போல் நிற்கும். புகைப்படத்திற்கு அழகு, பாடலுக்குப் பகை. கூகையைக் காகிதக்கூழால் உள்ளீடற்றதாகச் செய்து கோழியிறகு ஒட்டலாம். இவற்றின் சுமையைக் காதுமடல் தாங்காது. நெற்றியைச் சுற்றிக் கட்டும் துணிப்பட்டையில் இரண்டையும் தைத்து, பட்டையை டோப்பாவின் அடியில் மறைத்தல் வேண்டும்.

துணங்கை இங்குக் குறுக்கிடுகிறது. இரு கைகளையும் மடக்கி விலாப்புறத்தில் அடித்து ஆடும் கூத்து என்று அதனை உரைகாரர் விளக்குவர். மடங்கிய முழங்கை பாம்பு ஆடும் வெளிக்குள் வரும். சிக்கினால் பட்டை நழுவி வேடம் குலையும். எனவே பாம்பின் வால்முனை கூகையின் பின்புறத்திலிருந்து இறங்காமல் முன்புறத்திலிருந்து, கழுத்தோரமாக இறங்குமாறு தைத்தல் நலம். பாடலில் கூகையும் பாம்பும் மார்பை அலைக்கின்றன என்று கூறிச் சில அடிகளில் துணங்கையைக் கூறியது, அலைப்பதற்குக் காரணம் அவ்வாட்டமே என்பதை உணர்த்துகிறது. வேடத்தைத் தைக்கும் கைக்கு இது உடனே விளங்குகிறது.

கூந்தல். சணல் நாரில் செய்த டோப்பாவே போதும். மனித மயிரால் ஆன சவுரி பளபளப்பதால் வறட்சியைக் காட்டாது. எண்ணெயும் நீரும் படாமல், சீவாமல் விட்டு, பின்னிருந்து ஒளி பாய்ச்சினால் ஒவ்வொரு நாரும் தனித்துத் தெரியும்.

கையும் நகமும். நகங்களைத் தடித்த தாளில் வெட்டி, வளைத்து, பசைத் துணியால் விரலில் ஒட்டலாம். நகம் நீளமாக இருப்பதைவிட விரல் வளைந்திருப்பதே பாடலின் கருத்து. அதனை நடிகை பயிற்சியால் தரவேண்டும். குருதிக்குக் கிளிசரினில் உணவு நிறம் கலந்து பயன்படுத்துவர். அது தரையில் சிந்தினால் ஆடுபவர் வழுக்கி விழுவர். ஆதலின் விரல்களில் காயும் சிவப்பும், நகநுனியில் மட்டும் மினுங்கும் பூச்சும் இடுதல் போதும். கையில் ஏந்தும் தலை காகிதக்கூழால் ஆனதாக, ஒரு கையால் உயர்த்தத்தக்க எடையில் இருத்தல் வேண்டும். அதன் கண்கள் தோண்டப்பட்ட குழிகளாக இருத்தலை மறத்தல் கூடாது. அவற்றை அவள் தின்றுவிட்டாள் என்று பாடல் கூறுகிறது.

தொடி

காதில் தளிர் போய்ப் பாம்பு வந்தது. கூந்தலில் ஈரம் போய் வறட்சி வந்தது. கையில் மட்டும் எதுவும் மாறவில்லை. பேய்மகள் ஒளிரும் தொடி அணிந்திருக்கிறாள். பாம்பையோ எலும்பையோ வளையாக இட்டிருக்க நக்கீரருக்குத் தடையில்லை, அவ்வாறு செய்யவில்லை. அணித்திரிபு நிகழாத இவ்வோரிடத்தை வேடம் அமைப்போர் பெரும்பாலும் கண்டுகொள்வதில்லை. கண்டவரும் ‘பேய்க்கு வளையலா’ என்று நீக்கிவிடுகின்றனர். வழக்கமான அடைமொழி என்று இதனை ஒதுக்கவும் கூடும். பெண்ணின் கையைப் பாடும்போதெல்லாம் தொடி வருவது மரபுதானே என்பர். ஆனால் மற்ற அணியிடங்களிலெல்லாம் மரபை மாற்றியவர் இங்கு மட்டும் மறந்தார் எனல் ஏற்புடைத்தன்று. பிணத்தலையை உயர்த்தும் கை தொடியணிந்த பெண்ணின் கையாகவே காட்டப்படுகிறது. பார்வையாளர் அத்தலையை நோக்கும்போது வளையையும் சேர்த்தே நோக்குவர். எனவே அதனைச் சங்காலோ பித்தளையாலோ செய்து, புழுதியும் குருதியும் படாமல், எல்லா ஒப்பனையும் முடிந்தபின் இறுதியாக அணிவித்தல் வேண்டும்.